ஒரே தேதியில் இத்தனை நிகழ்வுகள்: எது தற்செயல், எது இல்லை?

மெக்சிகோவில் 1985, 2017, 2022 என மூன்று ஆண்டுகளில் செப்டம்பர் 19-ஆம் தேதி பெரிய நிலநடுக்கம் வந்திருக்கிறது. ஜெர்மனியில் 1918-இல் முடியாட்சி விழுந்ததும், 1938-இல் யூதர்களின் வழிபாட்டுக் கூடங்கள் எரிக்கப்பட்டதும், 1989-இல் பெர்லின் சுவர் திறந்ததும் நவம்பர் 9-ஆம் தேதிதான். இந்த மாதிரிப் பட்டியல்கள் ஒவ்வோர் ஆண்டும் அந்தந்தத் தேதி நெருங்கும்போது பரவுகின்றன. கூடவே, "அந்த நாளில் ஏதோ இருக்கிறது" என்ற பேச்சும் கிளம்பும். "எல்லாம் தற்செயல்" என்று ஒரே வார்த்தையில் தள்ளிவிடுகிறவர்களும் உண்டு.

இரண்டு பதிலும் போதாது. மெக்சிகோ பட்டியல் தற்செயல். ஜெர்மனிப் பட்டியலில் ஒரு பகுதி தற்செயல், இன்னொரு பகுதி மனிதர்கள் தெரிந்தே செய்தது. வெளியிலிருந்து பார்த்தால் இரண்டும் ஒன்றுபோலத் தெரிவதுதான் குழப்பத்துக்குக் காரணம். பிரித்துப் பார்க்க, மூன்று கேள்விகளை வரிசையாகக் கேட்க வேண்டும்: அது உண்மையிலேயே ஒரே நாளா? ஒரே நாளில் அமைவது எவ்வளவு அரிது? அந்த நாளை யாராவது தேர்ந்தெடுத்தார்களா?

## முதல் கேள்வி: அது உண்மையிலேயே ஒரே நாளா?

தேதி என்பது ஒரு நாளுக்கு நாம் ஒட்டும் பெயர். அந்தப் பெயரை ஒட்டும் முறை நாட்டுக்கு நாடு, காலத்துக்குக் காலம் மாறியிருக்கிறது. இதனால் வரும் பிழைகள் முக்கியமாக மூன்று.

1. நாட்காட்டி வேறு. ரோமானியர் காலத்திலிருந்து வந்த ஜூலியன் நாட்காட்டி, ஓர் ஆண்டுக்கு 365.25 நாட்கள் என்று கணக்கிட்டது. உண்மையான சூரிய ஆண்டு அதைவிடச் சுமார் 11 நிமிடம் குறைவு. இந்தச் சின்ன வித்தியாசம் 400 ஆண்டுகளில் மூன்று நாளாகிவிடும். 16-ஆம் நூற்றாண்டுக்குள் நாட்காட்டி பருவங்களோடு ஒட்டாமல் பத்து நாள் விலகிப் போனது. போப் பதின்மூன்றாம் கிரிகோரி 1582-இல் இதைத் திருத்தினார். அந்த ஆண்டு அக்டோபர் 4, வியாழக்கிழமை. மறுநாள் வெள்ளிக்கிழமை, ஆனால் தேதி அக்டோபர் 15. ஸ்பெயினின் புனிதர் அவிலாவின் தெரேசா இறந்தது சரியாக அந்த இரவில்தான்.

எல்லா நாடுகளும் உடனே மாறவில்லை. இத்தாலியும் ஸ்பெயினும் 1582-லேயே மாறின. பிரிட்டன் 1752 வரை காத்திருந்தது. அங்கே செப்டம்பர் 2-க்கு மறுநாள் செப்டம்பர் 14. ரஷ்யா 1918-இல்தான் மாறியது. இடைப்பட்ட காலத்தில் ஐரோப்பாவில் ஒரே நாளுக்கு இரண்டு தேதிகள் புழங்கின.

இதன் விளைவு புகழ்பெற்ற ஒரு தவறான இணைப்பில் தெரியும். ஷேக்ஸ்பியரும் ஸ்பானிய எழுத்தாளர் செர்வான்டஸும் 1616 ஏப்ரல் 23 அன்று, ஒரே நாளில் இறந்தார்கள் என்பார்கள். செர்வான்டஸ் இறந்தது ஏப்ரல் 22. 23 அவர் அடக்கம் செய்யப்பட்ட நாள். அதுவும் ஸ்பெயினின் புதிய கணக்குப்படி. ஷேக்ஸ்பியரின் ஏப்ரல் 23 இங்கிலாந்தின் பழைய கணக்கு. புதிய கணக்கில் அது மே 3. ஆக, இருவர் மரணத்துக்கும் இடையே 11 நாள் இடைவெளி. உலகப் புத்தக நாளை யுனெஸ்கோ ஏப்ரல் 23-இல் வைத்தது அழகான முடிவுதான், அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் ஒரே நாளில் இருவரும் கண்மூடினார்கள் என்பது நடக்காத விஷயம்.

கலிலியோ இறந்த ஆண்டில் நியூட்டன் பிறந்தார் என்பதும் இதே வகை. கலிலியோ இறந்தது புதிய கணக்கில் 1642 ஜனவரி 8. நியூட்டன் பிறந்தது பழைய கணக்கில் 1642 டிசம்பர் 25. இரண்டையும் ஒரே கணக்கில் எழுதினால் நியூட்டனின் பிறந்தநாள் 1643 ஜனவரி 4 ஆகிவிடுகிறது.

2. நேரம் வேறு. ஒரே கணத்தில் உலகத்தில் இரண்டு தேதிகள் நடப்பில் இருக்கும். நிலவில் மனிதன் கால் வைத்த கணம் அமெரிக்காவில் 1969 ஜூலை 20 இரவு; லண்டனிலும் டெல்லியிலும் டோக்கியோவிலும் அது ஜூலை 21. இரண்டாம் உலகப் போரில் ஜெர்மனி சரணடைந்த நாளை மேற்கு ஐரோப்பா மே 8 என்றும் ரஷ்யா மே 9 என்றும் கொண்டாடுவதற்குக் காரணமும் இதுதான். போர்நிறுத்தம் மத்திய ஐரோப்பிய நேரப்படி மே 8 இரவு 11.01-க்கு நடப்புக்கு வந்தது. அப்போது மாஸ்கோவில் நள்ளிரவு தாண்டிவிட்டது.

இதில் வரிசையே தலைகீழாகவும் மாறலாம். ஜப்பான் 1941 டிசம்பர் 7 அன்று ஹவாயின் பேர்ல் துறைமுகத்தைத் தாக்கியது. மலாயாவின் கோட்டா பாருவில் டிசம்பர் 8 அன்று படைகளை இறக்கியது. தேதியை மட்டும் பார்க்கிறவர் ஹவாய் முதலில், மலாயா மறுநாள் என்று நினைப்பார். உண்மையில் கோட்டா பாரு தாக்குதல் ஒரு மணி நேரத்துக்கும் மேல் முன்னதாகவே தொடங்கிவிட்டது. நடுவே சர்வதேசத் தேதிக்கோடு இருப்பதால் முந்தியது பிந்திய தேதியைப் பெற்றது.

3. நிகழ்வே ஒரு நாளில் முடிவதில்லை. அமெரிக்கச் சுதந்திரத்துக்கு 1776 ஜூலை 2 அன்றே வாக்களித்தாகிவிட்டது. அறிக்கையின் வாசகம் ஏற்கப்பட்டது ஜூலை 4. பெரும்பாலோர் கையெழுத்திட்டது ஆகஸ்ட் 2. வருங்காலத் தலைமுறைகள் ஜூலை 2-ஐத்தான் கொண்டாடும் என்று ஜான் ஆடம்ஸ் தன் மனைவிக்கு எழுதினார். அப்படி நடக்கவில்லை; அச்சிட்ட அறிக்கையில் இருந்த தேதிதான் நின்றது. ஹிட்லரும் ஸ்டாலினும் செய்துகொண்ட ஒப்பந்தத்தில் 1939 ஆகஸ்ட் 23 என்று இருக்கிறது. கையெழுத்து விழும்போது நள்ளிரவு கடந்துவிட்டது.

பழைய காலத்துக்குப் போகப் போகத் தேதியே ஆட்டம் காணும். வெசுவியஸ் எரிமலை பொம்பெயி நகரை மூடியது கி.பி. 79 ஆகஸ்ட் 24 என்று நெடுங்காலம் எழுதிவந்தார்கள். அந்த வெடிப்பை விவரிக்கும் ரோமானிய எழுத்தாளர் இளைய பிளினியின் கடிதம் கையால் பிரதியெடுக்கப்பட்டு வந்ததில், பிரதிக்குப் பிரதி தேதி வேறுபடுகிறது. 2018-இல் பொம்பெயியின் ஒரு வீட்டுச் சுவரில் கரியால் கிறுக்கிய வரி ஒன்று கிடைத்தது. அதிலிருக்கும் தேதி நம் கணக்கில் அக்டோபர் 17. கரிக்கிறுக்கல் வெகுநாள் நிலைக்காது. அதனால் எரிமலை வெடித்தது அக்டோபர் கடைசியில் என்ற கருத்து வலுத்திருக்கிறது. ஆனாலும் கி.பி. 410-இல் ரோம் நகரம் சூறையாடப்பட்டது, 1572-இல் பாரிஸில் பார்த்தலோமியோ நாள் படுகொலை நடந்தது, இவற்றோடு வெசுவியஸையும் சேர்த்து "ஆகஸ்ட் 24" பட்டியல் இன்னமும் சுற்றிக்கொண்டிருக்கிறது.

## இரண்டாவது கேள்வி: ஒரே நாளில் அமைவது எவ்வளவு அரிது?

நாம் நினைப்பதைவிட மிகச் சாதாரணம். எங்கோ இரண்டு பேர் ஒரே நாளில் பிறந்திருந்தால் வியப்பாக இருக்கிறது. ஆனால் ஓர் அறையில் 23 பேர் இருந்தாலே, அவர்களில் யாரோ இருவருக்குப் பிறந்தநாள் ஒன்றாக இருக்கும் வாய்ப்பு பாதிக்கு மேல். 57 பேர் என்றால் 99 சதவீதம். ஆள் எண்ணிக்கையைவிட, ஜோடிகளின் எண்ணிக்கை மிக வேகமாக ஏறுவதுதான் காரணம்: 23 பேரில் 253 ஜோடிகள்.

வரலாற்றுக்கு இதைப் பொருத்திப் பார்க்கலாம். உலக வரலாற்றிலிருந்து 1,000 பெரிய நிகழ்வுகளை எடுத்து, அவற்றை ஆண்டின் நாட்களில் எந்த ஒழுங்கும் இல்லாமல் இறைத்துவிட்டதாக வைத்துக்கொள்வோம். சராசரியாக ஒரு நாளுக்கு மூன்றுகூட வராது. ஆனால் சமமாகப் பரவவும் செய்யாது. கணக்குப்படி சுமார் 24 நாட்கள் ஒரு நிகழ்வுகூட இல்லாமல் காலியாகக் கிடக்கும். இரண்டு மூன்று நாட்களில் எட்டோ அதற்கு மேலோ குவிந்திருக்கும். எந்தச் சதியும் இல்லை, எந்த ராசியும் இல்லை. இறைத்தால் இப்படித்தான் விழும். அந்த எட்டு விழுந்த நாள்தான் "விசேஷ நாள்" என்று பெயர் வாங்கும். காலியாகக் கிடக்கும் 24 நாட்களைப் பற்றி யாரும் எழுதுவதில்லை.

ஆபிரகாம் லிங்கனும் சார்லஸ் டார்வினும் 1809 பிப்ரவரி 12 அன்று பிறந்தார்கள். இருவருக்கும் கிரிகோரியன் கணக்குதான், ஆண்டும் ஒன்றே. முதல் கேள்வியை இது சுத்தமாகத் தாண்டிவிடுகிறது. ஆனாலும் இது தற்செயல் மட்டுமே.

## மெக்சிகோவின் செப்டம்பர் 19

தற்செயல் என்று சொன்னால் மிகப் பலர் ஏற்க மறுக்கும் உதாரணம் இது. அதனால் கொஞ்சம் நின்று பார்ப்போம்.

1985 செப்டம்பர் 19 காலை 7.17-க்கு, மிச்சோவகான் கடற்கரையோரம் மையம் கொண்டு 8.0 அளவில் நிலநடுக்கம் வந்தது. மெக்சிகோ நகரத்தில் ஆயிரக்கணக்கானோர் இறந்தார்கள். அந்த நினைவாக ஒவ்வோர் ஆண்டும் அதே தேதியில் நாடு தழுவிய வெளியேற்ற ஒத்திகை நடத்த ஆரம்பித்தார்கள். 2017-இல் அந்த ஒத்திகை காலை 11 மணிக்கு நடந்து முடிந்தது. மதியம் 1.14-க்கு நிஜ நிலநடுக்கம், 7.1 அளவில். முன்னூறுக்கும் மேற்பட்டோர் பலி. 2022-இல் ஒத்திகை முடிந்து ஒரு மணி நேரம்கூட ஆகவில்லை, மறுபடியும் நிலம் ஆடியது, அளவு 7.5-க்கும் மேல்.

இந்த மூன்றையும் உடலால் உணர்ந்த ஒருவர் அந்தத் தேதியைக் கண்டு நடுங்குவதில் வியப்பில்லை. அந்த அச்சத்தை அலட்சியமாகப் பேசக்கூடாது. ஆனால் நிலத்துக்கடியில் நடந்தது என்ன என்று பார்த்தால் படம் வேறு.

1. மூன்றும் ஒரே இடத்திலிருந்து வந்தவை அல்ல. 1985-உம் 2022-உம் பசிபிக் கரையோரம், பூமியின் மேலோட்டுத் துண்டுகளில் ஒன்றான கோகோஸ் தட்டு மெக்சிகோவுக்கு அடியில் நுழையும் எல்லையில் வந்தவை. 2017-இல் வந்தது உள்நாட்டில், ஏற்கெனவே ஆழத்தில் புகுந்துவிட்ட அந்தத் தட்டுக்குள்ளேயே ஏற்பட்ட முறிவு. தட்டுகளில் அழுத்தம் பல பத்தாண்டுகள், சில இடங்களில் நூற்றாண்டுகள் சேர்ந்து வெடிக்கிறது. அதற்கு மாதமும் தேதியும் தெரியாது.

2. முதல் நிலநடுக்கத்தின் தேதியில் மற்ற இரண்டும் விழும் வாய்ப்பு 1,33,225-இல் ஒன்று என்று ஒரு கணக்குச் சொல்வார்கள் (365-ஐ 365-ஆல் பெருக்கியது). பெருக்கல் சரி, கேள்வி தவறு. இந்தத் தேதியை, இந்த நாட்டை, இந்த மூன்று நிலநடுக்கங்களை முன்கூட்டியே குறித்து வைத்துவிட்டுக் காத்திருந்தால்தான் அந்த எண் பொருந்தும். நடந்த பிறகு, பொருந்தியவற்றை மட்டும் பொறுக்கி எடுத்துப் பெருக்கக்கூடாது.

3. பட்டியலில் இல்லாதவற்றைப் பாருங்கள். 2017 செப்டம்பர் 7 இரவு, அதாவது அந்த ஒத்திகைக்கு 12 நாள் முன்பு, சியாபாஸ் கடற்பகுதியில் 8.2 அளவில் ஒரு நிலநடுக்கம் வந்தது. மூன்றையும்விடப் பெரியது. 19-ஆம் தேதியில் வரவில்லை என்பதால் யாரும் அதை இந்தக் கதையில் சேர்ப்பதில்லை. 1985-இல் மறுநாள் 20-ஆம் தேதி வந்த பெரிய பின்னதிர்வுக்கும் அதே கதிதான்.

தேதி மனிதர்கள் பக்கத்தில் மட்டும் ஒன்றைச் செய்திருக்கிறது. 1985-இன் நினைவால்தான் அந்த நாளில் ஒத்திகை வைத்தார்கள். "ஒத்திகை முடிந்தவுடனே நிலநடுக்கம்" என்ற அந்த மயிர்க்கூச்செறியும் பொருத்தத்தில், ஒத்திகை என்ற பாதி தற்செயல் இல்லை, யோசித்து வைத்தது. அதனால் தற்செயல் இரண்டு மடங்கு பெரிதாகத் தெரிகிறது.

## சட்டமும் பருவமும்

இரண்டாவது கேள்விக்கும் மூன்றாவது கேள்விக்கும் நடுவே ஒரு வகை இருக்கிறது. சில நாட்களில் நிகழ்வுகள் குவியக் காரணம், விதி அப்படி இருப்பதுதான். 1937 முதல் அமெரிக்க அதிபர்களின் பதவிக்காலம் ஜனவரி 20 அன்று தொடங்குகிறது. அரசியல் சாசனத்தின் 20-ஆவது திருத்தம் அப்படிச் சொல்கிறது. ஆக ஜனவரி 20 பட்டியலில் பத்து அதிபர்கள் இருந்தால் அது செய்தியே இல்லை. பருவமும் இப்படித்தான். புயல்களும், பெரும் படையெடுப்புகளும், மலையேற்றச் சாதனைகளும் ஆண்டு முழுக்கப் பரவிக் கிடப்பதில்லை. எவரெஸ்ட் சாதனைகள் மே மாதத்தில் குவிவதற்குக் காரணம் அப்போதுதான் உச்சியில் காற்று தணியும்.

## மூன்றாவது கேள்வி: அந்த நாளை யாராவது தேர்ந்தெடுத்தார்களா?

வரலாற்றை ஊன்றிப் படிக்கிறவர்களுக்கு உண்மையில் பயன்படும் கேள்வி இதுதான். ஏனென்றால் ஒரு தேதி பிரபலமான பிறகு, அதைக் கையிலெடுக்க ஆட்கள் வருவார்கள்.

ஜனவரி 18-ஐப் பாருங்கள். 1701-இல் அந்த நாளில் முதலாம் பிரெடரிக் கோனிக்ஸ்பெர்க்கில் பிரஷ்யா என்ற ஜெர்மானிய அரசின் மன்னராக முடிசூடினார். பிரான்ஸைத் தோற்கடித்த பிரஷ்யா, 1871-இல் ஜெர்மானியப் பேரரசை அறிவிக்க அதே ஜனவரி 18-ஐ எடுத்துக்கொண்டது. இடம், பிரான்ஸின் வெர்சேல் அரண்மனையின் கண்ணாடி மண்டபம். அரச வம்சத்துக்குப் பெருமை, பிரான்ஸுக்கு அவமானம், இரண்டும் ஒரே விழாவில். 1918-இல் முதல் உலகப் போரில் ஜெர்மனி தோற்றது. 1871-க்கு 48 ஆண்டு கழித்து, 1919-இல், பாரிஸ் சமாதான மாநாடு எந்த நாளில் தொடங்கியது? ஜனவரி 18. பிரெஞ்சு அதிபர் புவான்காரே தன் தொடக்க உரையிலேயே அந்த 48 ஆண்டுக் கணக்கைச் சுட்டிக்காட்டினார். சமாதான ஒப்பந்தத்தில் கையெழுத்தும் அதே கண்ணாடி மண்டபத்தில், 1919 ஜூன் 28 அன்று. சரயேவோவில் ஆஸ்திரிய இளவரசர் சுட்டுக் கொல்லப்பட்டு அன்றோடு ஐந்து ஆண்டு நிறைவு. மூன்று ஜனவரி 18-களில் ஒன்றுதான் சுயமாக வந்த தேதி. மற்ற இரண்டும் அதற்குச் சொன்ன பதில்கள்.

இந்தியாவின் ஜனவரி 26-உம் தேர்ந்தெடுத்த நாளே. 1930-இல் காங்கிரஸ் அந்த நாளை முழு விடுதலை நாளாகக் கடைப்பிடித்தது. விடுதலை வந்தது வேறு நாளில். பழைய தேதி வீணாகிவிடக்கூடாது என்பதற்காக, 1949 நவம்பர் 26 அன்றே ஏற்கப்பட்டுவிட்ட அரசியல் சாசனம் இரண்டு மாதம் காத்திருந்து 1950 ஜனவரி 26 அன்று முழுமையாக நடப்புக்கு வந்தது. அந்த விடுதலைத் தேதியான ஆகஸ்ட் 15-ஐத் தேர்ந்தெடுத்தவர் மவுண்ட்பேட்டன். ஜப்பான் பணிந்ததன் இரண்டாம் ஆண்டு நிறைவு அது. தென்கிழக்கு ஆசியாவில் நேச நாட்டுப் படைகளுக்குத் தலைமை தாங்கிய அவருக்கு அந்த நாள் சொந்த வெற்றிபோல. கொரியாவின் விடுதலை நாளும் ஆகஸ்ட் 15 என்பதற்கும் மூலம் அதே 1945 சரணாகதி. ஆக, இந்தியாவும் கொரியாவும் ஒரே நாளைப் பகிர்வது தற்செயல் கிடையாது. இரண்டுக்கும் வேர் ஒன்று.

அப்புறம், தேதியை ஆயுதமாகத் திருப்பியவர்களும் இருக்கிறார்கள். மேலே சொன்ன 1939 ஆகஸ்ட் 23 ஒப்பந்தத்தின் ரகசிய இணைப்பும் அடுத்த மாதம் அதில் செய்த திருத்தமும் பால்டிக் நாடுகளைச் சோவியத் கைக்குத் தள்ளின. சரியாக 50 ஆண்டு கழித்து, 1989 ஆகஸ்ட் 23 அன்று, எஸ்தோனியா, லாட்வியா, லிதுவேனியா மக்கள் சுமார் 20 லட்சம் பேர் கைகோத்து, தாலினிலிருந்து ரிகா வழியாக வில்னியஸ் வரை 600 கிலோமீட்டருக்கும் மேல் மனிதச் சங்கிலியாக நின்றார்கள். அந்த ரகசிய இணைப்பு இருந்ததையே சோவியத் அரசு பல பத்தாண்டுகளாக மறுத்துவந்திருந்தது. வேறு எந்த நாளில் நின்றிருந்தாலும் அது ஒரு பெரிய போராட்டமாக இருந்திருக்கும். ஆனால் அந்த நாளில் நின்றதால், எதற்காக நிற்கிறோம் என்பதைத் தேதியே சொல்லிவிட்டது.

## நவம்பர் 9: எல்லா வகையும் கலந்த ஒரு நாள்

ஜெர்மானியர்கள் விதியின் நாள் என்றே இதைக் குறிப்பிடுகிறார்கள். அந்தப் பெயர், நடந்த ஐந்தையும் ஒரே சரடில் கோத்துவிடுகிறது. அந்தச் சரட்டைப் பிரித்து, ஒவ்வொரு முடிச்சாகப் பார்த்தால்தான் எது எதோடு சேர்ந்தது என்று தெரியும்.

1848. பிராங்க்பர்ட் நாடாளுமன்ற உறுப்பினரும் ஜனநாயகவாதியுமான ராபர்ட் புளும், வியன்னா கிளர்ச்சியில் கலந்துகொண்டதற்காக அங்கே சுட்டுக் கொல்லப்பட்டார். உறுப்பினருக்குரிய சட்டப் பாதுகாப்பு அவரைக் காப்பாற்றவில்லை.

1918. போரில் தோல்வி, கடற்படை வீரர்களின் கலகம், பெர்லினில் வேலைநிறுத்தம். பிரதமர் இளவரசர் மாக்ஸ், பேரரசர் வில்ஹெல்மின் ஒப்புதலுக்குக் காத்திராமல் அவர் முடிதுறந்ததாக நண்பகலில் அறிவித்தார். பிற்பகல் இரண்டு மணி வாக்கில் சமூக ஜனநாயகக் கட்சியின் ஷைடமான் நாடாளுமன்றக் கட்டடத்தின் சாளரத்திலிருந்து குடியரசைப் பிரகடனம் செய்தார். கட்சித் தலைவர் எபர்ட்டைக்கூடக் கேட்கவில்லை. இரண்டு மணி நேரம் கழித்து தீவிர இடதுசாரித் தலைவர் லீப்க்னெக்ட் அரண்மனை அருகே இன்னொரு குடியரசை, சோஷலிசக் குடியரசை, அறிவித்தார். 1848-க்கும் இதற்கும் தேதி அளவில் எந்தத் தொடர்பும் இல்லை. நெருக்கடி முற்றிய நாள் அது, அவ்வளவுதான்.

1923. இங்கிருந்து தொடர்பு ஆரம்பம். வலதுசாரிகளுக்கு 1918 நவம்பர் ஒரு துரோகம். அந்தக் குடியரசை உருவாக்கியவர்களை "நவம்பர் குற்றவாளிகள்" என்று திட்டினார்கள். புரட்சியின் ஐந்தாம் ஆண்டு நிறைவுக்கு முந்தைய மாலை, நவம்பர் 8 அன்று, ஜெர்மனியின் பவேரியா மாநில ஆட்சியாளர் குஸ்டாவ் ஃபான் கார், மூனிக் நகரின் பீர் அரங்கம் ஒன்றில் பேசிக்கொண்டிருந்தபோது ஹிட்லர் ஆட்களோடு உள்ளே புகுந்தார். மறுநாள் 9-ஆம் தேதி ஊர்வலம், துப்பாக்கிச் சூடு, தோல்வி. அவர் கட்சிக்காரர்கள் 16 பேரும் போலீஸார் நால்வரும் இறந்தார்கள்.

1938. ஆட்சிக்கு வந்த பிறகு நாஜிகள் அந்தத் தோல்வியை வழிபாடாக மாற்றினார்கள். ஆண்டுதோறும் நவம்பர் 8 மாலை அதே பீர் அரங்கில் ஹிட்லரின் உரை. 9 அன்று ஊர்வலமும் பழைய தோழர்களின் விருந்தும். இப்போது 1938-ஐப் பாருங்கள். ஜெர்மனியிலிருந்து விரட்டப்பட்ட போலந்து யூதக் குடும்பம் ஒன்றின் 17 வயதுப் பையன் ஹெர்ஷல் கிரின்ஸ்பான், நவம்பர் 7 அன்று பாரிஸில் ஜெர்மன் தூதரக அதிகாரி பொம் ராட்டைச் சுட்டான். அந்த அதிகாரி உயிர் விட்டது 9-ஆம் தேதி மாலை. அது தற்செயல். ஆனால் செய்தி வந்தபோது நாடு முழுவதிலுமிருந்து கட்சித் தலைவர்களும் தாக்குதல் படைத் தளபதிகளும் மூனிக்கின் பழைய நகர மண்டபத்தில் ஒரே விருந்தில் உட்கார்ந்திருந்தார்கள். காரணம் அந்த ஆண்டு நிறைவு. கோயபல்ஸ் எழுந்து பேசினார். கேட்டவர்கள் அங்கிருந்தே தத்தம் மாவட்டங்களுக்குத் தொலைபேசியில் உத்தரவிட்டார்கள். அன்றிரவும் மறுநாளும் ஆயிரத்துக்கும் மேற்பட்ட யூத வழிபாட்டுக் கூடங்கள் எரிந்தன, ஆயிரக்கணக்கான கடைகள் நொறுங்கின, சுமார் 30,000 யூத ஆண்கள் வதை முகாம்களுக்கு அனுப்பப்பட்டார்கள். யூத வெறுப்பு அதற்கு முன்பே ஊறியிருந்தது. வன்முறை வேறு நாளிலும் வந்திருக்கலாம். ஆனால் ஒரே இரவில், நாடு முழுக்க, அந்த வேகத்தில் பரவியதற்கு, உத்தரவிடக்கூடிய அத்தனை பேரையும் ஒரே கூரைக்குக் கீழ் கொண்டுவந்து வைத்திருந்த அந்தத் தேதிக்கும் பங்குண்டு.

பட்டியல்களில் வராத ஒரு நாளையும் இங்கே சேர்க்க வேண்டும். 1939 நவம்பர் 8. ஹிட்லர் ஒவ்வோர் ஆண்டும் அந்த மாலை அந்த அரங்கில் நிற்பார் என்பது எல்லோருக்கும் தெரியும். தச்சரான கியோர்க் எல்சர் அதை வைத்தே திட்டமிட்டார். முப்பதுக்கும் மேற்பட்ட இரவுகள் அரங்கில் ஒளிந்திருந்து, மேடைக்குப் பின்னாலிருந்த தூணைக் குடைந்து, நேர வெடிகுண்டைப் பொருத்தினார். இரவு 9.20-க்குக் குண்டு வெடித்தது. மூடுபனியால் விமானம் ரத்தாகி, ரயிலைப் பிடிக்க வேண்டியிருந்ததால் ஹிட்லர் 13 நிமிடம் முன்னதாகவே கிளம்பிவிட்டார். எட்டுப் பேர் இறந்தார்கள். தேதியால் விளைந்த நிகழ்வுக்கு இதைவிடத் தெளிவான உதாரணம் கிடையாது. ஆனால் எண் 9 இல்லாததால் விதியின் நாள் கணக்கில் இது சேர்வதில்லை.

1989. கிழக்கு ஜெர்மனியின் கட்சிச் செய்தித் தொடர்பாளர் ஷபோவ்ஸ்கி, மாலை ஏழு மணிக்குச் சற்று முன் புதிய பயண விதிகளைப் பத்திரிகையாளர்களுக்கு வாசித்தார். அந்தச் செய்தி மறுநாள் அதிகாலை நான்கு மணிக்குத்தான் வெளியாக வேண்டும். மக்கள் அலுவலகங்களில் வரிசையில் நின்று அனுமதி வாங்க வேண்டும் என்பது ஏற்பாடு. அவருக்கு அது தெரியவில்லை. எப்போதிலிருந்து என்று கேட்டதும் கையிலிருந்த தாளைப் புரட்டிவிட்டு, தனக்குத் தெரிந்தவரை உடனடியாக, தாமதமின்றி என்றார். சில மணி நேரத்தில் எல்லைச் சாவடிகளில் கூட்டம் முட்டியது. போர்ன்ஹோல்மர் தெருச் சாவடியின் அதிகாரி ஹரால்ட் யேகர், மேலிடத்திலிருந்து தெளிவான பதில் வராத நிலையில் இரவு பதினொன்றரை வாக்கில் தடுப்பைத் திறந்துவிடச் சொன்னார். திட்டப்படி நடந்திருந்தால் தேதி நவம்பர் 10 ஆகியிருக்கும்.

ஆக, 1848-க்கும் 1918-க்கும் இடையே தற்செயல். 1918-இலிருந்து 1923, அதிலிருந்து 1938: காரணச் சங்கிலி. 1989: மறுபடி தற்செயல், அதுவும் ஒரு குழப்பத்தால் சில மணி நேரம் முந்தி வந்தது.

இதன் விளைவு ஜெர்மனியின் தேசிய விடுமுறையில் தெரிகிறது. சுவர் திறந்த நாளைக் கொண்டாட வேண்டும் என்ற எண்ணம் இயல்பானது. ஆனால் அதே தேதியில் 1938 இருக்கும்போது அன்று வாணவேடிக்கை விட முடியாது. ஒற்றுமை நாள், இரு ஜெர்மனிகளும் சட்டப்படி இணைந்த 1990 அக்டோபர் 3 ஆனது.

## ஒரு பட்டியலைச் சோதித்துப் பார்த்தால்

"நெப்போலியனும் ஹிட்லரும் ஒரே நாளில், ஜூன் 22 அன்று, ரஷ்யாமீது படையெடுத்தார்கள்" என்று அடிக்கடி படிக்கிறோம். மூன்று கேள்விகளையும் இதில் போட்டுப் பார்க்கலாம்.

1. ஒரே நாளா? ஹிட்லரின் படை எல்லை தாண்டியது 1941 ஜூன் 22. நெப்போலியனின் படை நீமன் ஆற்றைக் கடந்தது 1812 ஜூன் 24. அப்படியானால் 22 எங்கிருந்து வந்தது? போர் தொடங்கிவிட்டது என்று வீரர்களுக்கு நெப்போலியன் விடுத்த அறிக்கையின் தேதி அது. அறிக்கையின் தேதியையும் படை நகர்ந்த தேதியையும் சேர்த்துப் பொருத்தியிருக்கிறார்கள். இது போதாதென்று, ரஷ்யாவின் பழைய கணக்கில், 1812-இல் படை ஆற்றைக் கடந்த அந்த நாள் ஜூன் 12.

2. அரிதா? ரஷ்யாமீது படையெடுக்க ஆண்டில் உகந்த காலம் குறுகியது. வசந்தத்தில் பனி உருகிச் சாலைகள் சேறாகும். குளிருக்கு முன் முடிக்கவும் வேண்டும். நெப்போலியனின் லட்சக்கணக்கான குதிரைகளுக்குப் புல் வளர்ந்திருக்க வேண்டும். ஜூனில் இருவரும் கிளம்பியதைப் பருவம் விளக்கிவிடுகிறது.

3. தேர்ந்தெடுத்தார்களா? ஹிட்லரின் திட்டத்தில் ஆயத்தங்களை முடிக்க முதலில் குறித்த தேதி மே 15. அது தள்ளிப்போய்த்தான் ஜூன் 22-இல் வந்து நின்றது. நெப்போலியனின் தேதியைப் பிடிக்க வேண்டும் என்று காத்திருந்தவர் மே 15-ஐக் குறித்திருக்க மாட்டார்.